கண்ணாடியில் வானம்

கம்ப்யூட்டர் என்றால் ஒரு காலத்தில் மனுஷி. கணக்குப் போடுகிறவளுக்கு அதுதான் உத்தியோகப் பெயர். அமெரிக்காவில் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தின் வானாய்வகத்தில் 19-ம் நூற்றாண்டின் கடைசியில் இப்படி நிறையப் பெண்கள் இருந்தார்கள். சம்பளம் மணிக்கு 25 சென்ட். ராத்திரி டெலஸ்கோப் ஆண்கள் பொறுப்பு. அது எடுத்த போட்டோக்கள் கண்ணாடித் தகடுகளாகப் பகலில் இவர்கள் மேஜைக்கு வரும். நெகட்டிவ் என்பதால் வானம் வெளுப்பு, நட்சத்திரம் கறுப்புப் புள்ளி. பூதக்கண்ணாடியும் கையுமாகப் புள்ளி புள்ளியாக அளக்க வேண்டும்.

டேவா சோபெலின் 'தி கிளாஸ் யுனிவர்ஸ்' (2016) இவர்களின் கதை. 'லாஞ்சிட்யூட்' எழுதியவராயிற்றே என்று நம்பி ஆரம்பித்தேன். முழுசாக ஏமாறவில்லை. முழுத் திருப்தியும் இல்லை.

மனிதர்களைக் காட்டுவதில் சோபெல் கெட்டிக்காரர். ஆய்வக இயக்குநர் பிக்கரிங் வீட்டில் வேலைக்காரியாகச் சேர்ந்த வில்லியமினா ஃப்ளெமிங், 1888-ல் எடுத்த ஒரு தகட்டில் குதிரைத் தலை நெபுலாவைக் கண்டுபிடிக்கிறார். 1900-ல் எழுதிய டைரியில், தனக்கு வருஷத்துக்கு 1,500 டாலர், ஆண்களில் சிலருக்கு 2,500 என்று பொருமுகிறார். காது சரியாகக் கேட்காத ஆனி கேனன் சுமார் மூன்றரை லட்சம் நட்சத்திரங்களை அவற்றின் நிறமாலை பார்த்து ரகம் பிரிக்கிறார். அவர் அடுக்கிய வரிசைதான் இன்றைக்கும் புழக்கத்தில். கடிதங்களையும் டைரிகளையும் வைத்து இவர்களை நம் எதிரே உட்கார வைத்துவிடுகிறார் சோபெல். ஆனால் யார் எவ்வளவு நன்கொடை கொடுத்தார்கள் என்கிற பக்கங்கள் கல்யாண வீட்டு மொய் நோட்டு மாதிரி நீள்கின்றன.

என் புகார் மொய் பற்றி அல்ல, ஹென்ரியட்டா லீவிட் பற்றி. இருட்டில் தூரத்தில் ஒரு விளக்கு தெரிகிறது. பக்கத்திலிருக்கும் 40 வாட்டா, எங்கோ இருக்கும் 1,000 வாட்டா, எப்படிச் சொல்வது? வாட் தெரிந்தால் தூரம் வெறும் கணக்கு. சில நட்சத்திரங்கள் ஒளி கூடிக் குறைந்து துடிக்கின்றன. சிறிய மெகல்லன் மேகத்தில் அப்படி 25-ஐ எடுத்துக்கொண்டார் லீவிட். எல்லாம் ஒரே கூட்டத்தில் இருப்பதால் நமக்குக் கிட்டத்தட்ட ஒரே தூரம். எனவே பிரகாசமாகத் தெரிவது நிஜமாகவே பிரகாசமானது. துடிப்பு நிதானமாக இருக்க இருக்கப் பிரகாசம் அதிகம் என்று 1912-ல் சொன்னார். துடிப்பை அளந்தால் வாட் தெரிந்துவிடும். இந்த ஏணியில் ஏறித்தான் பின்னர் ஹப்பிள், ஆண்ட்ரமீடா நம் பால்வீதிக்கு வெளியே இருக்கும் இன்னொரு காலக்ஸி என்று காட்டினார். புத்தகத்தின் உச்சமாக இருந்திருக்க வேண்டிய இடம். சோபெல் அவசரமாகக் கடந்துவிடுகிறார்.

அந்த 1912 அறிக்கை பிக்கரிங் கையெழுத்தோடு வந்தது. தயாரித்தவர் மிஸ் லீவிட் என்று முதல் வரியிலேயே சொல்லியிருக்கிறார், நல்ல மனுஷர்தான். ஆனால் அதன்பின் அவரை இந்த ஆராய்ச்சியைத் தொடரவிடாமல், நட்சத்திர ஒளி அளவுகளைத் தரப்படுத்தும் பழைய வேலையிலேயே வைத்திருந்தார். எண்ணுவதற்குத்தான் சம்பளம், யோசிப்பதற்கு இல்லை. அதே ஆய்வகத்துக்குப் பின்னால் வந்த சிசிலியா பேய்ன் தன் சுயசரிதையில் இதைக் கடுமையாகவே கண்டித்தார். சோபெலுக்குக் கோபமே வருவதில்லை. பெண்களுக்கு வேலை கொடுத்த புண்ணியவான் என்ற சித்திரம் கலைந்துவிடக் கூடாதே என்ற கவலை பக்கத்துக்குப் பக்கம் தெரிகிறது. லீவிட் 1921-ல் இறந்தார். நோபலுக்குச் சிபாரிசு செய்ய நினைத்து ஸ்வீடன் கணித மேதை ஒருவர் அவர் பெயருக்கே கடிதம் போட்டது 1925-ல்.

அதே 1925-ல் பேய்ன், நட்சத்திரங்களில் பெரும்பாலும் ஹைட்ரஜன்தான் என்று ஆய்வேட்டில் கணக்குக் காட்டினார். பிரின்ஸ்டனின் பெரியவர் ரஸ்ஸல் சாத்தியமில்லை என்று சொல்ல, தன் முடிவு நிஜமாக இருக்காது என்று தானே எழுதிச் சேர்த்தார். நாலு வருஷம் கழித்து ரஸ்ஸலே வேறு வழியில் அதே முடிவுக்கு வந்து, பேய்னையும் குறிப்பிட்டார். இந்த அத்தியாயத்தை சோபெல் நன்றாகவே எழுதியிருக்கிறார். பேய்ன் ஹார்வர்டில் முழுப் பேராசிரியரானது 1956-ல்.

வாங்குகிறவர்கள் பின்பக்கத்தில் உள்ள கலைச்சொல் பட்டியலை முதலில் படித்துவிடுவது நல்லது. மொய்ப் பக்கங்களைப் புரட்டிவிடலாம், ஒன்றும் ஆகாது.