இயல்பு என்னும் பாராட்டு

அர்ச்சனாவின் நடிப்பைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே சொல்லில் முடித்துக்கொள்கிறார்கள்: இயல்பு. அந்தச் சொல்லின்மேல் எனக்குச் சந்தேகம் உண்டு.

எங்கள் அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரத்தில் சீமைக்கருவேல் வெட்டிக் கரிமூட்டம் போடும் வேலையில் பெண்களும் இருக்கிறார்கள். மூட்டத்தில் எங்கே மண் அப்ப வேண்டும், புகை எப்படி மாறினால் கரி பதமாகியிருக்கும் என்பதெல்லாம் அவர்களுக்குத் தெரியும். ஊர் அதைத் தொழில்திறன் என்று சொல்லாது. பழக்கம் என்று சொல்லும். பழக்கத்துக்குக் கூலி குறைவு. நடிகையின் உழைப்பை இயல்பு என்று சொல்லி நகர்வதும் இதே கணக்குதான்.

பாலு மகேந்திராவின் 'வீடு' (1988) பாடல்கள் இல்லாத படம். அலுவலகத்தில் வேலை செய்யும் சுதா, தாத்தாவோடும் தங்கையோடும் குடியிருக்க ஒரு வீடு கட்டத் தொடங்குகிறாள். கடன் கேட்கிறாள், நகையை விற்கிறாள், சிமெண்டுக்குக் கணக்குப் பார்க்கிறாள். அர்ச்சனா இவற்றைக் கண்ணீராக மாற்றவில்லை, வேலையாகவே நடிக்கிறார். கேட்பதற்கு முன் தயங்கும் அந்த நொடி, பதிலுக்குக் காத்திருக்கும் முகம் எல்லாம் யோசித்துச் செய்தவை. இந்தப் படத்துக்காக 1987ஆம் ஆண்டின் சிறந்த நடிகைக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது.

அடுத்த ஆண்டின் விருதும் அவருக்கே, பி. நரசிங் ராவ் இயக்கிய தெலுங்குப் படமான 'தாசி'க்காக. அதில் அவர் தெலங்கானா ஜமீன் மாளிகைக்குச் சீதனத்தோடு அனுப்பப்பட்ட அடிமைப்பெண். சுதா ஒரு மனைக்கு உரிமையுள்ளவள். இவள் தன் வயிற்றுக்கும் உரிமையில்லாதவள், கருவைக் கலைக்கக் கட்டாயப்படுத்தப்படுகிறாள். எதிரெதிரான இரண்டு உடல்களையும் ஒருவரே நடித்ததை இயல்பு என்ற சொல் எப்படி விளக்கும்?

மாணவிகளோடு 'வீடு' பார்க்கும்போதெல்லாம் பேச்சு சித்தாள் மங்கம்மாவிடம் போய் நிற்கிறது. 'பசி' சத்யா நடித்த பாத்திரம் அது. காண்டிராக்டரின் திருட்டை வெளியே கொண்டுவருபவள் அவள். சுதாவின் வீடு மங்கம்மாவின் தலைச்சுமையில்தான் எழும்புகிறது. கட்டட வேலைக்குப் போகும் அம்மாக்களின் பிள்ளைகள் இதை உடனே பிடித்துக்கொள்கிறார்கள். அவளுக்கென்று ஒரு வீடு படத்தில் இல்லை என்பதையும் அவர்கள்தான் கவனிக்கிறார்கள்.

இத்தனைக்குப் பிறகு அர்ச்சனாவுக்குத் தமிழில் என்ன கிடைத்தது? 1989இல் 'சந்தியா ராகம்'. 2007இல் 'பரட்டை என்கிற அழகுசுந்தரம்' படத்தில் நாயகனின் அம்மா. 2018இல் 'சீதக்காதி'யில் மூத்த நாடகக் கலைஞரின் மனைவி. வீடு கட்டியவள் கடைசியில் யாரோ ஒருவரின் வீட்டுக்காரி ஆகிவிட்டாள். பெண்ணின் உழைப்பைக் காட்டிப் பெயர் வாங்கிய மாற்று சினிமா, அந்த உழைப்பை நடித்துக் காட்டியவருக்கு நாற்பது வயதிலும் ஐம்பது வயதிலும் ஒரு சுதாவை எழுதவில்லை.

அதனால் மாணவிகளிடம் நான் கேட்பது ஒன்றுதான். ஒரு நடிகை இயல்பாக நடித்தார் என்று எழுதுவதற்கு முன், அவர் என்ன செய்தார் என்று ஒரு வரி எழுதுங்கள். செய்ததைச் சொன்னால்தான் அது வேலை என்று தெரியும்.