காட்டுப் பூவரசு

தொட்டபெட்டாப் பக்கம் பனிக்காலத்தில் போனால், புல்வெளிச் சரிவில் கோணல்மாணலாக ஒரு மரம் சிவந்து நிற்கும். ரோடோடென்ட்ரான்; நம் தமிழில் காட்டுப் பூவரசு. பூவரசுக்கும் இதற்கும் உறவே இல்லை, பெயர் மட்டும் எப்படியோ ஒட்டிக்கொண்டது. நெருங்கிய சொந்தமெல்லாம் இமயமலையில். நடுவே சமவெளி முழுக்க ஒன்றுகூடக் கிடையாது. தெற்கே இலங்கையின் ஹோர்ட்டன் சமவெளியில் இன்னொரு கிளை.

எனக்குப் பூவைவிட மரத்தின் பட்டைதான் பிடிக்கும். தக்கைபோலத் தடித்து வெடித்திருக்கும். புல்வெளித் தீ அடிமரத்தைச் சுலபத்தில் தொடாது. இலையைத் திருப்பினால் அடியில் மெத்தென்று பழுப்பு ரோமம். கொத்துக்கொத்தான மணிப்பூக்களில் தேன்சிட்டுகள் தலையை நுழைத்துக் குடிக்கும்.

தோட்டத்தில் வைக்க ஆசையா? மலைக்குளிர் வேண்டும், புளிப்பு மண் வேண்டும். சுண்ணாம்பு பட்டால் இலை மஞ்சளாகும். வேர் மேலாகவே ஓடுவதால் சுற்றிக் கொத்தக் கூடாது. சருகைப் போட்டு மூடிவிட்டால் போதும். ஈரம் நிற்க வேண்டும், தண்ணீர் தேங்கக் கூடாது. சென்னை மாடித்தோட்டக்காரர்கள் செம்பருத்தியோடு திருப்தி அடையலாம். நாற்றுப் பண்ணைகளில் கிடைக்கும் அசேலியாவும் இதே பேரினம்தான், தொட்டிக்கு அடங்கும். ஆனால் அந்தப் பட்டை அதற்கு ஏது?