நடந்ததை நடித்துக் காட்டியவர்கள்

தெஹ்ரானில் ஓடும் பேருந்தில் ஹொசைன் சப்சியான் ஒரு திரைக்கதைப் புத்தகம் படித்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் இருந்த பெண்மணி விசாரித்ததும், அதை எழுதிய இயக்குநர் மொஹ்சென் மக்மல்பாஃப் நான்தான் என்று சொல்லிவிட்டார். பிறகு அந்தப் பெண்மணியின் குடும்பம் இருந்த வீட்டுக்கே போய்ப் படம் எடுப்பதைப் பற்றிப் பேசினார், கைமாற்றும் வாங்கினார். கடைசியில் கைதானார். பத்திரிகையில் இதைப் படித்த இயக்குநர் அப்பாஸ் கியாரொஸ்தமி, கையிலிருந்த படத்தை ஒத்திவைத்துவிட்டு இந்த வழக்கின் பின்னால் போனார். 1990இல் ‘க்ளோஸ்-அப்’ வந்தது.

இதில் சப்சியானாக சப்சியானே நடித்தார். ஏமாந்த குடும்பமும் செய்தி எழுதிய நிருபரும் அப்படியே. நீதிமன்ற விசாரணையை 16 எம்எம் கேமராவில் எடுத்த கியாரொஸ்தமி, சப்சியானிடம், ஒரு கேமரா உங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கும், சட்டத்துக்குப் பிடிபடாததை அதனிடம் சொல்லுங்கள் என்கிறார். சப்சியான் சொல்கிறார்: வேலையில்லாத தன்னை யாரும் மதித்ததில்லை, இயக்குநராக இருந்த சில நாட்கள்தான் தன் பேச்சுக்கு மரியாதை கிடைத்தது. இதையெல்லாம் கேட்க வேறெந்த நீதிமன்றம் நேரம் ஒதுக்கும்?

முடிவில் நிஜ மக்மல்பாஃப் வந்து அவரை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொள்கிறார். அவர்கள் பேசுவது விட்டுவிட்டுக் கேட்கிறது. மைக் பழுது என்கிறது படக்குழு. அது பழுதல்ல, கியாரொஸ்தமி வேண்டுமென்றே செய்தது. அந்தப் பொய்யை நான் முழு மனதோடு ஏற்கிறேன். அழுதுகொண்டிருக்கும் மனிதரின் ஒவ்வொரு சொல்லையும் கேட்க நமக்கு உரிமையில்லை.

சம்பந்தப்பட்டவர்களையே நடிக்கவைக்கும் இந்த வழிக்கு ஈரானில் முன்னோடி உண்டு. தப்ரீஸ் தொழுநோயாளர் குடியிருப்பில் கவிஞர் ஃபொரூக் ஃபரோக்ஸாத் 1962இல் எடுத்த ‘வீடு இருண்டிருக்கிறது’ சுமார் இருபது நிமிடப் படம்தான். அதிலும் அங்கு வாழ்ந்தவர்களையே வைத்து வகுப்பறைக் காட்சியை அமைத்திருந்தார். பின்னாளில் சமீரா மக்மல்பாஃப், வீட்டுக்குள் பூட்டி வளர்க்கப்பட்ட இரட்டைச் சிறுமிகளையும் அவர்கள் தந்தையையுமே நடிக்கவைத்து ‘ஆப்பிள்’ (1998) எடுத்தார்.

இவற்றுள் என்னை அதிகம் உலுக்கியது மொஹ்சென் மக்மல்பாஃபின் ‘கபடமற்ற ஒரு கணம்’ (1996). பதினேழு வயதில், மன்னர் ஷாவின் ஆட்சிக் காலத்தில், துப்பாக்கியைப் பறிக்க ஒரு காவலரைக் கத்தியால் குத்திச் சிறை சென்றவர் அவர். சுமார் இருபது ஆண்டுகள் கழித்து அதே காவலர் நடிக்க வாய்ப்புக் கேட்டு வந்தார். இருவரும் தங்கள் இளவயதுப் பாத்திரத்துக்கு ஆளுக்கொரு பையனைப் பழக்குகிறார்கள். அன்று தன்னிடம் வந்து பேசிய பெண் தன்னை விரும்பியதாகவே அத்தனை காலமும் நம்பியிருந்த காவலருக்கு, அவள் மக்மல்பாஃபின் கூட்டாளி என்பது படப்பிடிப்பில்தான் தெரியவருகிறது. குத்த வேண்டிய பையனோ, என்னால் முடியாது என்று அழுகிறான்.

இதையெல்லாம் வடிவச் சோதனை என்று மட்டும் விமர்சகர்கள் எழுதும்போது வருத்தமாக இருக்கிறது. பட்டவர்களைக் கூப்பிட்டு, நடந்ததை அவர்கள் கையிலேயே திரும்பக் கொடுத்ததுதான் இந்தப் படங்களின் சாதனை. நண்பர்களே, ‘க்ளோஸ்-அப்’பை முதலில் பாருங்கள், அடுத்து ‘கபடமற்ற ஒரு கணம்’. அந்த வரிசையில் பார்த்தால், இரண்டிலும் வரும் மக்மல்பாஃப் யார் என்பது இன்னும் நன்றாகப் புரியும்.