கற்பனை நாட்டின் காலக்கணிப்பு

நிலமும் பொழுதும் முதற்பொருள் என்பது தொல்காப்பியம் காட்டும் நெறி. அந்நெறியிற் பயின்றார்க்கு, ஒரு புலவர் தாம் படைத்த உலகிற்கு நிலப்படம் வரைந்ததோடு அமையாது நாள் எண்ணும் முறையும் வகுத்தார் எனின், அது வியப்பன்று. கடன் என்றே தோன்றும். ஆங்கில அறிஞர் டோல்கீன் 1954, 1955 ஆம் ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வெளியிட்ட 'தி லார்ட் ஆவ் தி ரிங்ஸ்' என்னும் பெருங்கதையின் பிற்சேர்க்கை ஒன்று இத்தகைய காலக்கணிப்புகளை விரித்துரைக்கின்றது. அதனைக் கதைக்குப் புறம்பான கணக்கு விளையாட்டு என ஒதுக்குவாரும் உளர். அக்கருத்துப் பொருந்துமா என ஈண்டு ஆராய்வாம்.

அக்கதையில் ஹாபிட் என்னும் குறுமக்கள் வாழும் நாடு ஷயர். அந்நாட்டு ஆண்டு, 30 நாள் கொண்ட 12 திங்களும், எத்திங்களிலும் சேராத 5 நாளும் உடையது. அவ்வைந்தனுள் இரண்டு குளிர்கால நடுவில் ஆண்டின் இறுதியிலும் தொடக்கத்திலும் நிற்கும். மூன்று வேனில் நடுவில் நிற்கும். மிகுநாள் ஆண்டில் வேனில் நடுவே மேலும் ஒரு நாள் கூடும். ஆண்டின் நடுநாளுக்கும் அம்மிகுநாளுக்கும் கிழமை இல்லை. ஆகவே எஞ்சும் 364 நாளும் 52 வாரங்களாக நிறைவுற, ஒவ்வோர் ஆண்டும் வாரத்தின் முதற்கிழமையிலேயே பிறக்கும்.

இக்கணக்கின் ஒழுங்கே இதன் சிறப்பு என்பார் கூற்றை யாம் உடன்படோம். பன்னிரு முப்பதும் ஓர் ஐந்தும் என்ற கணக்குப் பண்டை எகிப்தியரிடத்தும் உண்டு. பிரெஞ்சுப் புரட்சியாளர் 1793 இல் நிறுவிய குடியரசு நாட்காட்டியிலும் அதுவே உண்டு. அந்நாட்காட்டியின் திங்கட்பெயர்களைப் பாப்ர் தெக்லாந்தீன் என்னும் புலவர் பனி, வெப்பம், விளைவு முதலியன பற்றி அழகுறப் புனைந்தார். எனினும் அது 1806 சனவரி முதல் நாளில் கைவிடப்பட்டது. மெய்யான நாட்டில் மெய்யான மக்கள் மீது ஆணையால் சுமத்தப்பட்ட அது இன்று படிப்பார்க்குக் கற்பனைபோல் தோன்றுகின்றது; கற்பனை நாட்டுக் கணிப்போ மெய்போல் தோன்றுகின்றது. இம்முரணுக்குக் காரணம் யாது?

வழக்கின் தேய்வே காரணம் என்பது எம் துணிபு. ஷயர்த் திங்கட்பெயர்கள் புதியன அல்ல. பீட் என்னும் துறவி 725 ஆம் ஆண்டளவில் தம் காலநூலிற் குறித்த பழைய ஆங்கிலப் பெயர்களின் திரிபுகளே அவை. ஆக்கள் ஒருநாளில் மும்முறை பால் தரும் திங்கள் என்ற பழம்பெயர் அங்கு 'திரிமிட்ஜ்' எனக் குறுகி நிற்கின்றது. ஒரு பெயர் எவ்வாறு தேயும் என்பதை மொழிநூற் புலமையால் அறிந்தவர் டோல்கீன்.

கிழமைப் பெயர்கள் இன்னும் ஆழமானவை. எல்வ் என்னும் இறவாக் குலத்தார்க்கு வாரம் 6 நாள். அவர்பால் அதனைக் கற்ற நூமெனோர் நாட்டினர் கடலோடிகளாதலின், கடலின் பெயரால் ஏழாவதாக ஒரு கிழமையைச் சேர்த்தனர். அவ்வாரமே வழிவழியாக ஹாபிட்டுகளிடம் வந்தது. அவர்களோ கடல் என்ற சொல்லையே அஞ்சுவோர். அதனைச் சாவின் அறிகுறியாகக் கருதுவோர். ஆயினும் பொருள் மறந்த நிலையில் 'மெர்ஸ்டே' என்னும் கடற்கிழமையை வாரந்தோறும் சொல்லி வருகின்றனர். ஒரு குலத்தின் வரலாறு மற்றொரு குலத்தின் நாவில் அறியாமலே வாழும் இந்நிலையைக் கதையின் எப்போரும் இத்துணைச் சுருக்கமாகக் காட்டவில்லை.

பயன்பாட்டின் குறையையும் ஆசிரியர் மறைத்திலர். தேதி சொன்ன அளவில் கிழமை விளங்குதலின், ஷயர் மக்கள் கடிதத்தில் கிழமை எழுதுவதை விட்டனர். உள்ளூரில் அது வசதி, பிரீ என்னும் அண்டையூரைக் கடந்தாலோ இடர் என்கிறார். தம் எல்லைக்குள் அடங்கி வாழும் மக்களின் இயல்பு இவ்வொரு குறிப்பில் முழுதும் புலனாகின்றது. மறுபுறம், இறவாத எல்வ் குலத்தார் 144 ஞாயிற்றாண்டுகளை ஒரு பேராண்டாக எண்ணுவர். அவர்க்கும் நமக்குப்போல் பெரும்பொழுது ஆறு. ஆனால் நம்முடையன இவ்விரு திங்களாகச் சமமுற நிற்க, அவருடையன 54 நாளும் 72 நாளுமாக ஏறியிறங்கும். வாழ்நாளின் அளவே எண்ணின் அளவை வகுக்கின்றது.

ஒரு குறையும் உண்டு. கதையுள் ஆசிரியர் நாமறிந்த ஆங்கிலத் திங்கட்பெயர்களையே வழங்குகின்றார். தாம் மொழிபெயர்ப்பாளர் என்ற புனைவுக்கு அது ஏற்புடைத்தாயினும், இத்துணை அரிய பெயர்கள் கதைமாந்தர் வாயில் ஒலியாமற் போயின. ஆண்டு நிகழ்ச்சி அட்டவணையில் பெப்ருவரி 30 என்னும் நாளைக் கண்டு திகைத்த பின்னரே, படிப்பவர் வேறோர் உலகில் தாம் நிற்பதை உணர்கின்றனர். அத்திகைப்புக் கதையின் உள்ளேயே நேர்ந்திருத்தல் வேண்டும்.

ஆயினும் பிற்சேர்க்கை கதைக்குப் புறம்பானது என்ற கருத்து நில்லாது. பொழுதைப் பின்னணியாக மட்டும் கொள்வார்க்கு அது கணக்கு. முதற்பொருளாகக் கொள்வார்க்கு, அம்மக்கள் எதனை நினைந்தனர், எதனை மறந்தனர் என்று காட்டும் இலக்கியம் என்க.