வழக்குரையின் ஏடும் பாட்டும்

மட்டக்களப்பின் தென்கரையிலே, முசுலிம் ஊர்களும் தமிழூர்களும் அடுத்தடுத்து அமைந்த காரைதீவு, அக்கரைப்பற்று, தம்பிலுவிற் பகுதிகளில், வைகாசித் திங்களிற் கண்ணகியம்மன் சடங்கு நிகழும். கதவு திறத்தல் முதற் குளிர்த்தி ஈறாக அங்குப் பாடப்பெறுவது ‘கண்ணகி வழக்குரை’.

சிலப்பதிகாரத்தைப் பாடநூலாகக் கற்ற மாணவர் இதனை முதன்முறை கேட்குங்கால் திகைப்படைவர். இளங்கோவடிகள் கூறாத கப்பலோட்டம் இங்கே விரிகின்றது. கண்ணகியின் சிலம்புக்கு வேண்டிய நாகமணியை நாடி மீகாமன் கடலோடுகின்றான். கடலோர மக்கள் இப்பகுதியை ஆர்வத்தோடு கேட்டலில் வியப்பில்லை. இதனைக் காப்பியத்தின் சிதைவென ஒதுக்குவாரும் உளர். கோயிலிற் கூடியிருந்து கேட்டற்கும் வழிபடுதற்கும் எழுந்த நூலை ஏட்டுப் புலமையால் மட்டும் அளத்தல் முறையன்று. நீதி கேட்டுக் கனன்ற தெய்வத்தைக் குளிர்விக்கும் பாடல் எழுங்கால் மகளிர் குரவையும் உடனெழும். அவ்வேளையிற் பாடுவோர் இவர், கேட்போர் இவர் எனப் பிரித்தல் அரிது.

ஏட்டிற் கிடந்த இந்நூலைப் பண்டிதர் வி. சீ. கந்தையா 1968இல் அச்சேற்றினார். ‘மட்டக்களப்புத் தமிழகம்’ தந்த அவருக்கு இப்பகுதி பட்ட கடன் பெரிது. 1985 முதல் நேர்ந்த இடப்பெயர்வுகளையும், 2004 திசம்பர் 26ஆம் நாட் கடற்கோளையும் எண்ணுவார்க்கு, அப்பதிப்பின் அருமை இன்னும் நன்கு புலனாகும். ஆயின், அச்சுக் காப்பது சொல்லை. எவ்விடத்தில் ஓசை தாழும், எவ்விடத்தில் உடுக்கு விரையும், யாப்பு மாறுங்கால் குரல் எவ்வாறு திரும்பும் என்பன பாடுவார் நாவிலும் செவியிலுமே உள்ளன. மறைந்த யாழின் இசையை நூல்களிலிருந்து கணக்கிட்டு மீட்க விபுலாநந்த அடிகள் ஆண்டுகள் பல உழைத்தார். அவ்வுழைப்பின் பயனாய் ‘யாழ் நூல்’ 1947இல் வெளிவந்தது. அடிகள் பிறந்த காரைதீவின் கோயிற்பாட்டோ இன்னும் மறையவில்லை. அதனைக் கற்றற்குக் கணக்கு வேண்டா. அருகிருந்து கேட்டலே போதும்.

இற்றைநாளிற் பாடசாலைகள் இத்தகைய பாடல்களைப் போட்டி மேடைக்கு ஏற்றுகின்றன. முயற்சி நன்றே. எனினும், ஐந்து நிமிடத்துள் ஆர்மோனியச் சுருதிக்கு அடங்க வெட்டியும் ஒட்டியும் அமைத்த பாட்டு, பரிசு பெற்ற மறுநாளே மறக்கப்படுகின்றது. கைப்பேசியிற் பதித்துவைத்தலும் ஒருவர் குரலைக் காக்குமேயன்றி அடுத்தவரைப் பாடுவிக்காது. ஆசிரியர் வகுப்பிலே பொருளுரைக்கலாம்; ஊர்தோறும் வேறுபடும் பாடங்களை ஒப்புநோக்கச் செய்யலாம். பாட்டைப் பயிற்றுவார் கோயிலிலே உள்ளனர். நோன்பும் தூய்மையும் காத்துப் பாடும் அவருட் பலர் முதியோர். தேர்வு மண்டபத்திலிருந்து மாணவரை வைகாசிச் சடங்கின் சில இரவுகளுக்கேனும் விடுவிக்கப் பாடசாலைகள் உடன்படுமா என்பதே இப்போதுள்ள வினா.