கையெழுத்துப் போட்டவன் கதை

வீட்டை இடிக்கிறாங்க, சாட்சிக்குப் படம் வேணும், வா என்று ஒரு பாதிரியார் கூப்பிட்டார். 1986ல் தென்கொரியத் தலைநகர் சியோலின் சாங்கே-டோங் குடிசைப் பகுதிக்கு வீடியோ கேமராவோடு போன கிம் டோங்-வோன் வேலையை முடித்துவிட்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. அந்தச் சனங்களோடேயே கிடந்தார். 1988 ஒலிம்பிக்குக்காக ஊரை 'அழகு'படுத்திய அரசு அவர்களை விரட்டியது. புச்சோனில் நெடுஞ்சாலை ஓரமாய்க் கொட்டகை போட்டார்கள். ஒலிம்பிக் ஜோதி அந்த வழியா வருதாம்! அதையும் பிய்த்தெறிந்தார்கள். மண்ணைத் தோண்டிப் பொந்தில் குடியிருந்தார்கள் மனுசங்க. 'சாங்கே-டோங் ஒலிம்பிக்' (1988) அரைமணிகூட ஓடாது. அதில் கேமரா வேடிக்கை பார்க்கவில்லை, கூடவே குடியிருக்கிறது.

பாதிக்கப்பட்டவனை வெளியாள் படம் பிடிக்கலாமா என்பது பழைய சண்டை. கிம் அதற்கு வியாக்கியானம் சொல்லவில்லை. 'திருப்பியனுப்பல்' (2003) படத்தில் தன் குரலிலேயே பேசுகிறார். வடகொரிய உளவாளிகளென்று பிடிபட்டு முப்பது வருசம் ஜெயிலில் கிடந்த கிழவர்கள் 1992ல் அவருடைய பகுதிக்கு வருகிறார்கள். சின்ன வயசில் பள்ளிக்கூடம் ஊட்டிய பயம் தனக்குள் இருப்பதை ஒத்துக்கொள்கிறார். பெரியவர்கள் வடக்கின் தலைவரைப் புகழ்ந்து பாடும்போது நெளிகிறார். அதையும் மறைக்கவில்லை. பன்னிரண்டு வருசம் பின்தொடர்ந்தவருக்கு அந்த யோக்கியதை உண்டு.

எனக்குக் குறை வேறே. கொள்கையைக் கைவிட்டதாக ஒரு தாளில் கையெழுத்து வாங்க, 1970களில் கிரிமினல் கைதிகளை ஏவி இவர்களை அடித்தார்கள். கடைசிவரை போடாத 63 பேர் 2000 செப்டம்பரில் வடக்கே அனுப்பப்பட்டார்கள். சித்திரவதை தாங்காமல் போட்ட கிம் யோங்-சிக் பட்டியலில் இல்லை. அவரும் அந்தப் படத்தில் இருக்கிறார்தான். ஆனால் வடக்கே போன சோ சாங்-சோன், கிம்மை மகன் மாதிரி நினைத்ததாகச் சொல்லியனுப்பும் சேதி கேட்டு நான் அழுதபோது, போகமுடியாமல் நின்ற கிழவரை மறந்தே போனேன். எல்லா இயக்கத்துக்கும் உள்ள வியாதி இது. வளையாதவனுக்கு மாலை போடுவோம், வளைக்கப்பட்டவனை எங்கே உட்காரவைப்பது என்று தெரியாது.

'இரண்டாம் திருப்பியனுப்பல்' (2022) அந்த இடத்துக்குத்தான் திரும்பிப் போகிறது. இரண்டரை மணி நேரம், சில இடங்களில் இழுவை. முதல் படத்தின் கட்டுக்கோப்பு இதில் இல்லை. ஆனாலும் எனக்கு இதுதான் பெரிய படம். அடித்து வாங்கிய கையெழுத்து செல்லாது என்று அந்தக் கிழவர் சொல்லிக்கொண்டே இருக்கிறார். படம் வந்தபோதும் அவர் தெற்கில்தான் இருந்தார்.