பொறுமை என்னும் போதனை

மீனா கந்தசாமி 2017இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட ‘வென் ஐ ஹிட் யூ’, கணவனின் கொடுமையினின்று தப்பிய எழுத்தாளர் ஒருத்தியைப் பற்றிய நாவல். ஆசிரியையின் சொந்த அனுபவத்தினின்று எழுந்தது. கணவன் கல்லூரி ஆசிரியன், புரட்சி பேசுபவன். அவளது மின்னஞ்சல்களையும் அழித்துவிடுகிறான். அவளுடைய பெற்றோரோ, பொறுத்துக்கொள் என்கின்றனர். இந்நூல் நம்மைக் கடிந்துகொள்ளும் இடம் இதுவே.

சிட்லபாக்கம் முதலான புறநகர்ச் சபைகளில் கண்ணீரோடு வரும் சகோதரிகளுக்கு நாம் கூறுவதென்ன? 1869ஆம் ஆண்டின் சட்டப்படி, கொடுமையை மட்டும் காட்டிக் கிறிஸ்தவ மனைவி விவாகரத்துப் பெற இயலாதிருந்தது, விபசாரமும் சேரவேண்டும். 2001இல் அச்சட்டம் திருந்திற்று. நம் ஆலோசனை திருந்திற்றா? ஆண்டவர் தம் சிலுவையை மனமுவந்து ஏற்றார். அடித்துச் சுமத்தப்படுவதைச் சிலுவை என்றழைக்க நமக்கு அதிகாரமில்லை.